சிரிப்புக்குக் காத்திருந்த பொம்மை

மூணாங்கிளாஸ் படிப்பில் சொந்த லாரி வாங்கினவன் நான். அறுபதுகளில் ஒருநாள் செஞ்சியில் மணிலாக்கொட்டை ஏற்றிக் கிளம்பியபோது, ஒல்லியான ஒருத்தர் திண்டிவனம் ரயிலடிக்குப் போக ஏறிக்கொண்டார். கைக்குட்டையை விரலில் மாட்டிப் பொம்மையாக ஆட்டிக்கொண்டே வந்தார்.

"இன்னா வேலைங்க?"

"டெல்லி டெலிவிஷன்ல பசங்களுக்குப் பொம்மை ஆட்டறேண்ணே. எதிர்ல பசங்க கிடையாது, கேமராதான். ஆனா ஊர்ல பசங்க முன்னாடி ஆட்டின பழக்கத்துல, சிரிச்சு முடிக்கட்டும்னு வசனத்தை நிறுத்திடறேன். இன்னொரு தடவை நிறுத்தினா வேலை போயிடும்."

"நிறுத்தாமப் பேசுங்களேன்."

"சிரிக்கிற புள்ளைக்கு அடுத்த வசனம் கேக்காதேண்ணே."

எத்தனையோ டிரைவர்களைப் பழக்கிவிட்டவன் நான். "நான் சிரிக்கறேன், நீங்க பேசிக்கிட்டே போங்க" என்றேன். திண்டிவனம் வரைக்கும் நான் சிரித்தபோதெல்லாம் பொம்மை அசையாமல் காத்திருந்தது.

அவர் வேலை போய்விடுமே என்று எனக்குத்தான் பதைப்பு. இறங்கும்போது அவர் சொன்னார்: "நல்லா சிரிக்கிறீங்கண்ணே."