வெள்ளியங்கிரியின் டூர் கம்பெனி

வெள்ளியங்கிரி இறந்தபோது சான் ஹோசேத் தமிழர்களுக்குள் சுற்றிய இரங்கல் மின்னஞ்சலில் எலக்ட்ரிகல் என்ஜினியர் என்று போட்டிருந்தார்கள். பொய்யில்லை. ஆனால் அவர் மனுஷனாகச் சந்தோஷமாக இருந்த ஏழெட்டு வருஷங்கள் அதில் இல்லை. அந்த வருஷங்களை வாயில் எடுக்காமல் இருக்கச் சுற்றியிருந்தவர்களைப் பழக்கியவரும் அவர்தான்.

பொள்ளாச்சிப் பக்கத்துக்காரர். தொண்ணூறில் மனைவி நாகமணியோடும் கைக்குழந்தை ரோஷினியோடும் கலிஃபோர்னியா வந்தார். மின்சார போர்டுகளைச் சோதிக்கும் வேலை. கிரீன் கார்டு கைக்கு வந்த சில மாதங்களில் கம்பெனி ஆள் குறைத்தது. சாமான்களை அட்டைப்பெட்டியில் போட்டுக் கொடுத்து, வாசல்வரை ஒரு காவலாளியைக் கூடவே அனுப்பியது. அந்தக் காவலாளி நடந்து வந்ததை அவர் கடைசிவரை மறக்கவில்லை.

வெளியே யாருக்கும் சொல்லவில்லை. நகரத்தில் இசைக்கருவி விற்கும் கடை ஒன்றின் பின்னறையில் ஆம்ப்ளிஃபயர் ரிப்பேருக்கு உட்கார்ந்தார். அங்கே வரும் பையன்களுக்குப் பழைய வால்வு ஆம்ப்ளிஃபயர் பெரிய புதையல். அவருக்கு அது ஊர் டூரிங் டாக்கீஸ் சாமான். கண்ணை மூடிக்கொண்டு பிரித்து மாட்டுவார்.

அப்படி இருக்கையில்தான் ஒரு சாயங்காலம் லேட் கெட்டில்ஸ் என்ற பேண்டுக்காரர்கள் வந்து சேர்ந்தார்கள். இங்கிலாந்தின் வடக்கே ஹடர்ஸ்ஃபீல்டிலிருந்து வந்த நாலு பேர். பாட்டு எழுதிப் பாடுகிறவன் காலின். பேஸ் கிட்டார் வாசிக்கிறவள் பிப்பா. பெரிய கம்பெனி எதுவும் கிடையாது. நண்பர் ஒருவர் வீட்டு கராஜிலிருந்து நடத்தும் சிறு நிறுவனம் அவர்கள் ரெக்கார்டைப் போட்டிருந்தது. முதல் தடவையாக அமெரிக்கா சுற்றுகிறார்கள். ஊரிலிருந்து சுமந்து வந்த ஆம்ப்ளிஃபயர் இருநூற்று நாற்பது வோல்ட். அமெரிக்கக் கரண்ட் அதில் பாதி. இடையில் வைத்த டிரான்ஸ்ஃபார்மர் புகைந்துவிட்டது. இன்னும் கொஞ்ச நேரத்தில் கச்சேரி.

கடையில் அந்த சைஸ் இல்லை. வெள்ளியங்கிரி ஒரு நிமிஷம் யோசித்தார். காரை எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போனார். கோயம்புத்தூர் கிரைண்டர் சமையலறையில் ஓடிக்கொண்டிருந்தது. அதையும் ஊர்க் கரண்டில்தான் ஓட்ட வேண்டும். டிரான்ஸ்ஃபார்மரைக் கழற்றினார்.

“ஏனுங்க, என்ன பண்றீங்க? உளுந்து பாதியில நிக்குது!”

“காலையில கொண்டாந்து தர்றேன் நாகு.”

“யாருக்குங்க இது?”

“கெட்டில்ஸ்னு ஒரு பேண்டு.”

“டீ போடற கெட்டிலா? அதுக்கு நம்ம கிரைண்டர்தான் கெடச்சுதா?”

மாவு காய்ந்து ஒட்டிய அந்த டிரான்ஸ்ஃபார்மரில்தான் அன்றைக்குக் கச்சேரி நடந்தது. ஸ்விட்சைப் போட்டதும் இரைச்சலே இல்லாமல் ஆம்ப்ளிஃபயர் அமைதியாகக் காத்திருந்தது. காலின் அதைக் கேட்டுவிட்டு இவரைத் திரும்பிப் பார்த்தான். வேலை போனதிலிருந்து அவரை யாரும் அப்படிப் பார்த்ததில்லை. மறுநாள் டிரான்ஸ்ஃபார்மர் வீட்டுக்குப் போகவில்லை. அவரும் அவர்கள் கூடவே டெக்சஸ்வரை போய்விட்டு வந்தார்.

அவர்கள் பாட்டு அவருக்குப் பிடித்ததா என்றால், ஆரம்பத்தில் இல்லை. மழை, பஸ் ஸ்டாப், பேசாமல் பிரிந்து போனவர்கள் என்று முணுமுணுத்துக்கொண்டே போகும். திடீரென்று நாலு பேரும் சேர்ந்து இடி இடிப்பார்கள். கேட்கக் கேட்க அவர் அந்த இடிக்குக் காத்திருக்க ஆரம்பித்தார். இரண்டாவது ஆல்பம் இங்கிலாந்தில் பேசப்பட்டது. அமெரிக்காவில் கல்லூரி ரேடியோக்கள் போட்டன. வருஷத்துக்கு ஒரு தடவை, சில வருஷம் இரண்டு தடவை வருவார்கள். வேன் ஓட்டுவது, தங்க இடம் பிடிப்பது, கிளப்காரர்களிடம் சண்டை போடுவது, பெட்டி தூக்குவது, கரண்ட் பார்ப்பது எல்லாம் அவர். பழைய ஆள் விலகியதும் அவரையே டூர் மேனேஜர் ஆக்கினார்கள். பெயர் நீளமாக இருக்கிறதென்று வெல்லி என்று கூப்பிட்டார்கள். அவர்கள் ஊரில் அது மழைக்குப் போடும் ரப்பர் பூட்ஸின் பெயர் என்று பிப்பா ஒரு நாள் சிரித்துக்கொண்டே சொன்னாள். பாசமாகத்தான் சொன்னாள். வீட்டில் அவர் அதைச் சொல்லவில்லை.

ஊரில் பேண்டு என்றால் கல்யாண ஊர்வலத்தில் மாப்பிள்ளை காருக்கு முன்னால் நடக்கிறவர்கள். இல்லாவிட்டால் பாடைக்கு முன்னால். முதல் வகுப்பில் தேறி அமெரிக்கா போன என்ஜினியர் அவர்களுக்குப் பெட்டி தூக்குகிறான் என்று எப்படிச் சொல்வது? டெக்சஸில் ஹூஸ்டன் பக்கத்துப் பேர்லேண்டில் இருந்த தங்கை சண்முகப்ரியா ஒரு நாள் போனில் கேட்டாள்.

“இப்ப என்ன வேலைங்கண்ணா?”

“டூர் மேனேஜர்.”

“அட! டிராவல்ஸ் வெச்சுட்டீங்களா? சொல்லவே இல்ல பாருங்க!”

திருத்துவதற்கு அரை விநாடி இருந்தது. அவர் அதை நழுவ விட்டார். மறு வாரம் தங்கை வீட்டுக்காரர் குமாரசாமி, ஹூஸ்டனில் பேர் சொன்னால் தெரிகிற இருதய டாக்டர், தானே கூப்பிட்டார். “மச்சான், சொந்தமா கம்பெனியாமா? வெள்ளக்காரங்கள கூட்டிட்டுப் போறீங்களாமா? சபாஷ்!” அதற்குப் பிறகு திருத்த இடமே இல்லை. சான் ஹோசேயிலும் அதுவே பரவியது. யாராவது லாஸ் வேகஸ் டூருக்குக் கேட்டால், “சீசன் முடிஞ்சுதுங்க” என்று சமாளிப்பார்.

தொண்ணூற்றெட்டில் தங்கை மகளுக்குப் பேர்லேண்ட் மீனாட்சி கோயிலில் காதுகுத்து வைத்தார்கள். தாய்மாமன் மடியில் உட்கார வைத்துத்தான் குத்த வேண்டும். அவர் போகாமல் முடியாது. அதே சனிக்கிழமை ஹூஸ்டனில் கெட்டில்ஸுக்குக் கச்சேரி. அவரே பார்த்து அப்படி அமைத்திருந்தார். நாகமணிக்கும் ரோஷினிக்கும் பிளைட் போட்டார். காலையில் பேண்டை மோட்டலில் தூங்க விட்டுவிட்டு, வேட்டி கட்டிக்கொண்டு தங்கை காரில் கோயிலுக்குப் போனார். மத்தியானம் திரும்பிவிடுவதாகச் சொன்னார். எங்கே போகிறார், எதற்குப் போகிறார் என்று ஆசையாக முந்தின நாளே பிப்பாவிடம் சொல்லியிருந்தார். அதுதான் அவர் செய்த பிசகு.

ஆசாரி கிடைக்காததால் குமாரசாமியின் கிளினிக் நர்ஸ் காது குத்தினாள். குழந்தை அவர் மடியில் கிடந்து வீறிட்டது. சுற்றிலும் பட்டுப்புடவையும் வீடியோ கேமராவும். அந்த வீறிடலுக்கு மேலே ஒரு குரல் கேட்டது.

“வெல்லி!”

எல்லோரும் திரும்பினார்கள். நாலு பேரும் வாசல் பக்கம் நின்றிருந்தார்கள். காலின் தலையைப் படிய வாரி, சட்டையை மோட்டலில் இஸ்திரி போட்டு, கழுத்துவரை பட்டன் மாட்டியிருந்தான். இந்தியக் கடை எங்கேயோ தேடிப் பிடித்து பிப்பா ஒரு சல்வார் வாங்கிப் போட்டிருந்தாள். விலைச்சீட்டு முதுகில் தொங்கியது. ஷூவை வெளியே விடச் சொன்னதால் டிரம்ஸ்காரனின் ஓட்டைக் காலுறை வழியாகக் கட்டைவிரல் தெரிந்தது. நாலாமவன் கையில் வண்ணக் காகிதம் சுற்றிய பொம்மை.

குமாரசாமி குனிந்து கேட்டார். “மச்சான், யாருங்க இவங்க?”

இந்தக் கேள்விக்குத்தான் நாலு வருஷமாகப் பயந்தார். என் பேண்டு என்று சொல்ல வேண்டும். இரண்டே சொல். அந்த நாலு பேரும் அவரைப் பார்த்து நிற்கிறார்கள்.

“நம்ம டூர்ல வந்தவங்க மாப்ள.”

“கஸ்டமருங்களா! பரவாயில்லியே, ஃபேமிலி ஃபங்ஷனுக்கே வர்றாங்க!” குமாரசாமி எழுந்து போய்க் கைகுலுக்கினார். எங்கள் மச்சான் கம்பெனி எப்படி, டூர் எல்லாம் ஒழுங்காக நடக்கிறதா என்று இங்கிலீஷில் விசாரித்தார்.

காலினுக்குப் புரியவில்லை. வெள்ளியங்கிரியைப் பார்த்தான். அவர் குழந்தையின் காதைத் துடைத்துக்கொண்டிருந்தார், தலையைத் தூக்கவில்லை. அப்போது காலினுக்குப் புரிந்துவிட்டது.

“இதைப்போல ஒரு டூர் நாங்கள் போனதே இல்லை, சார்” என்றான். “ரொம்ப அருமையான கம்பெனி.”

“எங்கெல்லாம் பார்த்தீர்கள்?”

“கிராண்ட் கேன்யன்” என்று பிப்பா முந்திக்கொண்டாள். எத்தனையோ தடவை அந்தப் பக்கமாக வேனில் போயிருக்கிறார்கள். நிறுத்த ஒரு தடவைகூட நேரம் இருந்ததில்லை. அவள் அதன் சிவப்பைப் பற்றி விஸ்தாரமாகச் சொன்னாள்.

சாப்பாட்டுக் கூடத்தில் நாலு பேருக்கும் இலை போட்டார்கள். புளியோதரையை உறைப்பில் மூக்கு ஒழுக ஒழுகச் சாப்பிட்டார்கள். காலினின் இரண்டு காதிலும் வரிசையாக வளையம். எதிர் வரிசையில் ஊர்க்காரப் பெரியவர் நஞ்சுண்டன் அங்கிள் உரக்கச் சொன்னார்: “ஏனப்பா வெள்ளியங்கிரி, இந்தப் பையனுக்குக் காது குத்தறதுக்கு எத்தன தாய்மாமன் மடி தேடுனாங்களோ!”

கூடமே சிரித்தது. வெள்ளியங்கிரியும் சிரித்தார். என்ன என்று தெரியாமல் காலினும், எல்லோரும் சிரிக்கிறார்களே என்று, வாய் நிறையச் சோற்றோடு சிரித்தான்.

“அப்பா, வை ஆர் யூ லாஃபிங்?” என்று ரோஷினி கேட்டாள். “தட்ஸ் காலின்.” அவளுக்குப் பத்து வயசுகூட ஆகவில்லை. காலினை நன்றாகத் தெரியும். சான் ஹோசே வீட்டுக்கு இட்லி சாப்பிட வரும்போது அவன் அவளுக்கு நிறைய ஜோக் சொல்லியிருக்கிறான். நாகமணி அவள் தொடையைக் கிள்ளி, “சாப்புடு கண்ணு” என்றாள்.

மோட்டலுக்குத் திரும்பும்போது வேனை அவர்தான் ஓட்டினார். வேட்டியை மடித்துக் கட்டியிருந்தார். ஃப்ரீவேயில் ஏறிய பிறகு காலின் மெதுவாக, “நாங்கள் வந்திருக்கக் கூடாதோ? மன்னித்துக்கொள், வெல்லி” என்றான்.

மன்னிப்பு அவன் கேட்டான்.

இவருக்குச் சொல்ல வேண்டியது எல்லாம் நாக்கு நுனிவரை வந்தது. “சவுண்ட் செக்குக்கு நேரமாச்சு” என்று மட்டும் இங்கிலீஷில் சொன்னார். அன்று இரவு ஆம்ப்ளிஃபயரில் துளி இரைச்சல் இல்லை. அவர் வேலையில் குறை வைக்கிற ஆள் இல்லை.

பிறகும் மூன்று வருஷம் அவர்களோடு போனார். அவர்கள் அந்தப் பேச்சை எடுக்கவே இல்லை. கேலி செய்திருந்தால் அவர் தாங்கியிருப்பார். சான் ஹோசேயில் கச்சேரி வந்தால் மட்டும், முன்பெல்லாம் கேட்பதுபோல, உன் வீட்டில் இட்லி உண்டா என்று கேட்பதை நிறுத்திவிட்டார்கள்.

இரண்டாயிரத்து ஒன்றில் நாலாவது ஆல்பம் விற்கவில்லை. அதை வெளியிட்ட நண்பர் கடையைச் சாத்தினார். பிப்பாவுக்குக் குழந்தை பிறக்க இருந்தது. சான் ஃபிரான்சிஸ்கோவில் பாதிக் கூட்டத்துக்கு முன்னால் கடைசியாக ஒரு தடவை இடித்துவிட்டுக் கலைந்தார்கள். ஏர்போர்ட்டில் காலின் அவரைக் கட்டிப்பிடித்தான். அங்கேயாவது சொல்லியிருக்கலாம். பெட்டிகளை எடைபோடும் இடத்தில் ஏதோ தகராறு என்று அவர் அந்தப் பக்கம் போய்விட்டார்.

ஆஸ்பத்திரிக் கருவிகளைப் பராமரிக்கும் வேலை கிடைத்தது. அந்த வாரமே குமாரசாமி கூப்பிட்டார்.

“மச்சான், டூர் கம்பெனிய மூடிட்டீங்களாமா? நல்லாத்தானே போயிட்டிருந்துச்சு?”

“கம்பெனியே இல்லீங்க மாப்ள. அது ஒரு பேண்டு.”

“என்ன பேண்டு?”

“பாட்டுப் பாடற பேண்டு. காதுகுத்துக்கு நாலு பேரு வந்தாங்களே, அவங்க. கஸ்டமருனு பொய் சொன்னேன். அவங்ககிட்டத்தான் நான் வேலை பாத்தேன்.”



“அந்த வளையக்காரப் பையங்கிட்டயா? என்ன வேலைங்க?”

“வேன் ஓட்டுனேன். பெட்டி தூக்குனேன்.”

“அட ஆண்டவனே.” குமாரசாமி குரலைத் தாழ்த்திக்கொண்டார். நல்ல மனுஷர். நோயாளியிடம் பேசுகிற குரல் அது. “சரி விடுங்க மச்சான். கஷ்ட காலம், யாருக்குத்தான் வராது? நான் ப்ரியாகிட்டகூடச் சொல்ல மாட்டேன். அதான் இப்ப விட்டாச்சுல்ல.”

ஆமாங்க என்று சொன்னால் போதும். குடியை விட்டவனைப்போல அவரைச் சேர்த்துக்கொள்வார்கள்.

“விடலீங்க மாப்ள” என்றார் வெள்ளியங்கிரி. “அவங்க கலைஞ்சு போயிட்டாங்க. இருந்திருந்தா இன்னைக்கும் தூக்கிட்டுத்தான் இருப்பேன். ப்ரியாகிட்ட நீங்க சொல்ல வேண்டாம். போனக் குடுங்க, நானே சொல்றேன்.”

தங்கை வரும்வரை ரிசீவரைப் பிடித்துக்கொண்டு நின்றார். நாகமணி சமையலறை வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். முகத்தை அவள் பக்கம் காட்டாமல் சுவரைப் பார்த்துத் திருப்பிக்கொண்டார். கேட்டிருக்க வேண்டிய நாலு பேர் இங்கிலாந்தில் இருந்தார்கள். அவர்களுக்குத் தமிழும் தெரியாது. அதை நினைத்துக்கொண்டே, “ப்ரியா, அண்ணன் பேசறேன்” என்று ஆரம்பித்தார்.