ஆபத்து நிதிப் பொருளாளர்

வெள்ளம் வீட்டுக்குள் நுழைந்த காலையில் நான் காப்பாற்றிய ஒரே பொருள் டிவி ரிமோட். இதை நானே முதலில் சொல்லிவிடுவது நல்லது. வேறு யாராவது சொல்லி நீங்கள் கேட்டால் இன்னும் கேவலமாக இருக்கும். பத்தாம் வகுப்புக்கு அறிவியல் நடத்துகிறவன் நான். மழை எப்படி உண்டாகிறது என்று கரும்பலகையில் அம்புக்குறி போட்டு விளக்குகிறவன். முடிச்சூரில் ஒரு காலத்தில் ஏரித் தண்ணீர் படுத்துக்கிடந்த இடத்தில் ஆசைப்பட்டு மனை வாங்கியவனும் நானேதான். "பத்தடியில தண்ணி சார்" என்று தரகர் சொன்னபோது, அது கீழேயிருந்து வரும் என்றுதான் நினைத்தேன். பக்கவாட்டில் வரும் என்று தோன்றவில்லை.

அன்று என் மனைவி மகளையும் சான்றிதழ்ப் பையையும் தூக்கிக்கொண்டு மாடிக்குப் போய்விட்டாள். நானும் எதையாவது எடுக்க வேண்டுமே என்ற பதற்றத்தில் கைக்குக் கிடைத்ததைப் பிடித்துக்கொண்டு படியேறினேன். இரண்டு வீடு தள்ளி, அவர் வீட்டு மொட்டை மாடியில், குடை பிடித்தபடி பொருளாளர் அண்ணன் நின்றிருந்தார்.

"தம்பி, எதை எடுத்தீங்க?"

ரிமோட்டைத் தூக்கிக் காட்டினேன்.

"டிவி?"

"கீழ இருக்குண்ணே."

வேறு நாளாக இருந்தால் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்திருப்பார். அன்று சிரிக்கவில்லை. சுற்றிலும் தண்ணீருக்கு மேல் தெரிந்த மாடிகளை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டிருந்தார். முக்கால்வாசி எங்கள் தேவாலயச் சபையார் வீடுகள். ஒவ்வொரு மாடியிலும் தெரிந்த முகங்கள் நனைந்துகொண்டு நின்றன. அவர் என்ன பார்த்துக்கொண்டிருந்தார் என்பது எனக்கு அப்போது புரியவில்லை.

பொருளாளர் என்றால் எங்கள் சபையின் ஆபத்து நிதிக்குப் பொருளாளர். பேர் சொல்லி அவரை யாரும் கூப்பிட்டதில்லை. ஞாயிறு பள்ளிப் பிள்ளைகளுக்குக்கூட 'பொருளாளர் அங்கிள்'தான். மாதாமாதம் ஒவ்வொரு குடும்பமும் அந்த நிதிக்கு ஒரு தொகை போடும். அறுப்பின் பண்டிகைக்குக் காணிக்கையாக வரும் காய்கறிகளை ஏலம் விட்டுக் கிடைப்பதிலும் ஒரு பங்கு சேரும். ஒரு வீட்டில் அறுவை சிகிச்சை, ஒரு வீட்டில் கேஸ் வெடித்துச் சமையலறை போய்விட்டது, ஒரு வீட்டில் சம்பாதிக்கிற மனிதர் திடீரென்று கண்ணை மூடிவிட்டார் என்றால், அண்ணன் மறுநாளே வாசலில் நிற்பார். உட்கார்ந்து ஜெபம் பண்ணுவார், கவரை மேசையில் வைப்பார், காபி கொடுத்தால் குடித்துவிட்டு வருவார். ஏலம் விடுகிற வேலை என்னுடையது. "இந்தப் பூசணிக்காய் நம்ம பாஸ்டர் பிரசங்கத்தை விடச் சின்னது, அதை விடச் சீக்கிரம் வேகும்" என்று சொல்லி, ஒரு காயை ஒரு குடும்பத்தின் மாதக் காய்கறிச் செலவுக்கு விற்றிருக்கிறேன். "நீங்க சிரிக்க வச்சு வாங்குறீங்க, நான் அழுறவங்களுக்குக் குடுக்கிறேன். வேலை ஒண்ணுதான் தம்பி" என்பார் அண்ணன்.

அந்த மனிதருக்கு ஒரே ஒரு பயம் இருந்தது. அதைப் பலமுறை என்னிடம் சொல்லியிருக்கிறார். "நிதி இருக்குன்னு சொல்லித்தானே வாங்குறோம். நிஜமாவே ஆபத்துன்னு வர்ற அன்னைக்கு, ஒருத்தர் முகத்தைப் பார்த்து இல்லைன்னு சொல்ற மாதிரி ஆயிடக் கூடாது."

அவருக்கு அண்ணாசாலையில் ஒரு காப்பீட்டு அலுவலகத்தில் வேலை. அதிலும் மறுகாப்பீட்டுப் பிரிவு. அப்படியென்றால் என்ன என்று தாம்பரத்தில் ஏறிய மின்சார ரயிலில் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றபடியே விளக்கினார். புயலோ பூகம்பமோ வந்து ஒரே நாளில் எல்லாரும் பணம் கேட்டால் காப்பீட்டுக் கம்பெனியே கவிழ்ந்துவிடும். அதனால் அந்தக் கம்பெனியும் பயந்துபோய், தூர தேசத்தில் இருக்கும் இன்னொரு கம்பெனியிடம் காப்பீடு செய்துகொள்ளுமாம்.

"அந்தக் கம்பெனிக்கு?" என்றேன்.

"அதுக்கு இன்னும் தூரத்துல ஒருத்தர்."

"கடைசியில கடவுள்தானாண்ணே?"

"அவருக்கு முன்னாடி ஒரு ஜெர்மன்காரன் இருக்கான்."

சைதாப்பேட்டை வரைக்கும் சிரித்துக்கொண்டே போனோம். பாலத்தில் ரயில் மெதுவாகியபோது கீழே அடையாற்றைப் பார்த்துக்கொண்டே அண்ணன் சொன்னார்: "ஒரு வீடு எரிஞ்சா மத்த வீடெல்லாம் சேர்ந்து தூக்கி நிறுத்தலாம். எல்லா வீட்லயும் ஒரே நாள்ல தண்ணி புகுந்தா? நாம எல்லாரும் ஒரே ஏரிக்குள்ள உக்காந்துகிட்டு ஒருத்தருக்கொருத்தர் குடை பிடிக்கிறோம் தம்பி. ஆபத்து பெருசுன்னா, தூரத்துல ஆள் வேணும்."

தூரத்து ஆளை அவரே தேடிக் கண்டுபிடித்தார். சேலத்துக்கு அப்பால் மலையடிவாரத்தில், அவருடைய அலுவலக நண்பர் ஒருவரின் சொந்த ஊர்ச் சபை. அவர்களிடமும் எங்களுடையதைப் போலவே ஒரு சிறு நிதி இருந்தது. அவர்களுக்கு மழை பொய்க்கும், கிணறு வற்றும். எப்போதாவது மண் சரியும். எங்களுக்கு மழை கொட்டும். இரண்டு நிதியையும் ஒன்றாக்கிவிட்டால், இரண்டு ஊரும் ஒரே நாளில் அழிவது அபூர்வம் என்பது அண்ணனின் யோசனை. துணைக்கு என்னையும் பேருந்தில் அழைத்துப் போனார். வாழையிலையில் கேழ்வரகுக் களியும் கோழிக்குழம்பும் போட்டார்கள். எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்ட ஒரு பெரியவர், "பணத்தை எதுக்குச் சேத்துக்கிட்டு? உங்கூரு மழையில பாதிய இங்க அனுப்பிச்சிருங்க, கணக்கு தீந்துச்சு" என்றார். ஆனாலும் அவர்கள் அங்கேயே சம்மதம் என்று கை தூக்கிவிட்டார்கள். "நாங்க சரி. உங்க சபையில கேட்டுட்டுச் சொல்லுங்க" என்றார் அவர்களுடைய பாஸ்டர். திரும்பி வரும்போது அண்ணன் ஜன்னலோரம் உட்கார்ந்து வழியெல்லாம் கீர்த்தனை முணுமுணுத்துக்கொண்டு வந்தார். அவ்வளவு லேசாக அவரை நான் பார்த்ததில்லை.

எங்கள் பொதுக்கூட்டத்தில் அது எடுபடவில்லை. சொன்னவர்களைக் கெட்டவர்கள் என்று சொல்ல மாட்டேன். "நம்ம காசு நம்ம கண்ணு முன்னாடி இருக்கணும்" என்றார் ஒருவர். "அங்க யாருக்கு என்ன ஆச்சுன்னு நமக்கு எப்படித் தெரியும்? பொய் சொன்னா?" என்றார் இன்னொருவர். அண்ணனுக்குப் பேச்சு வராது. கையில் இருந்த பேனாவைத் திருகிக்கொண்டே நின்றார். அதைப் பார்க்கப் பொறுக்காமல் நான் எழுந்தேன். எழுந்ததுமே சிரிப்பு தொடங்கிவிட்டது. இன்னும் வாயைத் திறக்கவில்லை. "அண்ணன் சொல்றது சரி. நான் அந்த ஊருக்கே போய்ப் பார்த்தேன்" என்றேன். பின்வரிசையிலிருந்து யாரோ, ஏலத்தில் நான் இழுக்கிற அதே ராகத்தில், "ஒரு தரம்" என்றார்கள். "நான் சீரியஸாத்தான் சொல்றேன்" என்றேன். "ரெண்டு தரம்." பாஸ்டர் கைக்குட்டையால் வாயை மூடிக்கொண்டார். "மூணு தரம்" என்றபோது முழுக் கூட்டமும் சேர்ந்து மேசையைத் தட்டியது. வாழ்நாளில் ஒரே ஒரு முறை சிரிக்க வைக்காமல் பேச முயன்றேன். அன்றைக்குப் போல என் பேச்சுக்கு யாரும் சிரித்ததில்லை. சிரித்து முடித்த கையோடு அடுத்த விஷயத்துக்குப் போய்விட்டார்கள். வெளியே வந்ததும் அண்ணன் என் தோளில் கை வைத்தார். "பரவால்ல தம்பி. அடுத்த வருஷம் மறுபடி கேட்போம்."

அடுத்த வருஷக் கூட்டத்துக்கு முன்னால் வெள்ளம் வந்துவிட்டது.

தண்ணீர் வடிந்த பிறகு தெருவுக்குத் தெரு, தண்ணீர் குடித்து உப்பிய மெத்தைகள் குவிந்து கிடந்தன. நிதியில் இருந்ததைச் சபையின் எல்லாக் குடும்பங்களுக்கும் சமமாகப் பிரிப்பது என்று முடிவானது. வேறு எப்படிப் பிரிப்பது? எல்லாரும்தான் நனைந்திருந்தார்கள். வீட்டுக்கு ஒரு மெத்தை வாங்கலாம். தலையணை வாங்க முடியாது. அண்ணன் தன் பங்கையும் எடுத்துக்கொண்டார். "எடுக்கலைன்னா, வேற எங்கயோ ஒதுக்கி வச்சிருக்கான்னு சொல்வாங்க" என்றார். நானும் அவரோடு வீடு வீடாகப் போனேன். எந்த வீட்டிலும் உட்கார நாற்காலி இல்லை. தையல் கடை வைத்திருந்த ஒரு பெண், சேறு அப்பிய மெஷின்களுக்கு நடுவே நின்றுகொண்டு கவரைப் பிரித்துப் பார்த்தாள்.

"இவ்ளோதானாண்ணா?"

"இவ்ளோதாம்மா."

அவள் வேறொன்றும் கேட்கவில்லை. கேட்டிருந்தால்கூட அண்ணனுக்குத் தேவலாம் போலிருந்திருக்கும். அடுத்த வீட்டில், "இத்தனை வருஷம் கட்டினது இதுக்குத்தானா" என்று ஒருவர் கேட்டைச் சாத்தினார். கடைசிச் சில வீடுகளுக்கு என்னையே கொடுத்துவிட்டு வரச் சொல்லிவிட்டு, அண்ணன் தெருமுனையில் எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றார். நான் திரும்பி வந்து ஏதோ ஒரு ஜோக் சொன்னேன். என்ன ஜோக் என்று இப்போது நினைவில்லை. அவர் முகம் மட்டும் நினைவிருக்கிறது.

அதன்பின் பொருளாளர் பொறுப்பை விட்டுவிட்டார். ஆராதனைக்கு வந்து கடைசி பெஞ்சில் உட்கார்ந்து, ஆசீர்வாதம் சொல்லுமுன் எழுந்து போய்விடுவார். ரயிலில் சந்தித்தால் உடம்பு, மகள் படிப்பு என்று பேசுவார். நிதியைப் பற்றி ஒரு வார்த்தை பேசமாட்டார். பிறகொரு மழைக்காலத்தில், வேலைக்குப் போகிற வழியில், தாம்பரம் ஸ்டேஷன் மேம்பாலப் படியில் மூச்சு வாங்குகிறது என்று உட்கார்ந்தவர் எழுந்திருக்கவில்லை. அன்று கேட்டைச் சாத்தியவர்தான் அடக்கத்தில் எல்லாரையும் விட அதிகமாக அழுதார். எனக்கு அழுகை வரவில்லை. மண் போட்டுவிட்டுத் திரும்பியபோது, இனி ரயிலில் யாரோடு சிரிப்பது என்று தோன்றியது. அப்புறம்தான் வந்தது.

போன மழையில் மறுபடி தண்ணீர் வாசற்படி வரை வந்து நின்று எட்டிப் பார்த்துவிட்டுப் போயிற்று. அந்தப் பயத்தில் இந்த வருஷப் பொதுக்கூட்டத்தில் அண்ணனின் யோசனையை, அன்றைக்கு வேண்டாம் என்றவர்களே எழுந்து முன்மொழிந்தார்கள். ஒருவர்கூட சிரிக்கவில்லை. நான் வாயே திறக்கவில்லை. ஒருவேளை அதனால்தான் நிறைவேறியது. அண்ணனின் மனைவியிடம் போய்ச் சொல்லிவிட்டு வரும் பொறுப்பை மட்டும் என் தலையில் கட்டினார்கள்.

அக்கா இப்போது பெரும்பாக்கம் பக்கம் மகளோடு இருக்கிறார். மூன்றாவது மாடி. காபி கொடுத்துவிட்டு, எதிரில் உட்கார்ந்து துணி மடிக்கத் தொடங்கினார். வழியெல்லாம் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்ததை ஒரே மூச்சில் ஒப்பித்தேன்: ஏகமனதாக நிறைவேறிவிட்டது, அண்ணன் சொன்னது ஒரு எழுத்து மாறாமல், நிதிக்கே அண்ணன் பேரை வைப்பதாக இருக்கிறோம். அக்கா ஒரு சட்டையை மடித்து வைத்துவிட்டு அடுத்ததை எடுத்தார்.

"அந்த மலையடிவாரத்துப் பாஸ்டர் நம்பர் உங்ககிட்ட இருக்குமாக்கா? நாங்க இப்ப சரின்னு சொல்லணும்" என்றேன்.

அக்கா தலை நிமிரவில்லை.

"நீங்க வரலைன்னதும் அவங்க வேற சபையோட சேந்துட்டாங்க."