எண்பத்து நான்கு விழுக்காடு ஈரம்

நியூ மெக்சிகோ மலையுச்சியில் இருபத்தாறு வருடம் தொலைநோக்கியை இயக்கியவள் வில்மா தஃபோயா. ஆராய வருபவர் எவ்வளவு பெரிய மேதையானாலும் தொலைநோக்கியின் கண்ணாடி அவள் பொறுப்பு. காற்றின் ஈரம் எண்பத்தைந்து விழுக்காட்டைத் தொட்டால், கண்ணாடியில் நீர் படியாமலிருக்கக் குவிமாடத்தை மூடுவாள். அதற்கு மறுபேச்சு கிடையாது.

அந்த அதிகாரத்தை ஒரே ஒரு மாலை அவள் தவறாகப் பயன்படுத்தினாள்.

அன்று வானியலாளர் எவரெட் லிண்ட்குவிஸ்ட் வந்திருந்தார். பன்னிரண்டு வருடம் முன்பு, ஒரு சிறுகோள் நட்சத்திரத்தை மறைத்துக் கடந்தபோது, அதற்குச் சற்று முன்பே நட்சத்திரம் ஒரு கணம் மங்கியதைக் கண்டவள் வில்மா. சிறுகோளைச் சுற்றி வளையம் இருக்கலாம் என்று கட்டுரை எழுதியவர் எவரெட். அதில் அவள் பெயர் இல்லை. 'ஊழியர்களுக்கு நன்றி' என்று ஒரு வரி, அவ்வளவுதான். அந்த வரி அவள் நெஞ்சில் முள்ளாய்த் தைத்துக் கிடந்தது.

இன்று அதே சிறுகோள் இன்னொரு நட்சத்திரத்தைக் கடக்கிறது. இதை விட்டால் பத்தொன்பது வருடம் காத்திருக்க வேண்டும். எவரெட்டுக்கு எழுபத்தொன்று.

"என்ன வில்மா, இன்னும் அதே பச்சை மிளகாய்க் குழம்புதானா?"

"உங்களுக்கு வேண்டாம் டாக்டர். போன தடவை மூக்கு ஒழுகி மானமே போச்சு!"

இருட்டத் தொடங்கியது. மாடத்தைத் திருப்பி, நட்சத்திரத்தை நடுவில் நிறுத்திக் கூர்மையாக்கினாள். சிறுகோள் கடக்க எட்டு நிமிடம் இருந்தது. ஈரமானி எண்பத்து நான்கு காட்டியது.

"மூடுறேன் டாக்டர்."

"ஐயோ, எட்டு நிமிஷம்தானே! எவ்வளவு காட்டுது?"

அவர் பார்வை மங்கிப்போயிருந்தது. அங்கிருந்து எண் தெரியாது.

"எண்பத்தஞ்சு."

அவர் பெருமூச்சு விட்டார். "நீ சொன்னா சரியாத்தான் இருக்கும். உன் கண்ணாடிக்கு ஒண்ணும் ஆகக் கூடாது."

மாடம் உறுமியபடி மூடிக்கொண்டது. ஐந்தே நிமிடத்தில் ஈரம் எழுபத்தொன்பதுக்கு இறங்கியது. இன்னும் நேரம் இருந்தும் அவள் மாடத்தைத் திறக்கவில்லை.

குளிர்காலத்தில் அவர் இறந்துபோனார். அவர் மகள் ஓர் உறை அனுப்பியிருந்தாள். உள்ளே முடியாத புதிய கட்டுரை. ஆசிரியர்களில் முதல் பெயர், வில்மா தஃபோயா. ஓரத்தில் மகளுக்குப் பென்சிலில் ஒரு குறிப்பு: 'பழைய தப்பைத் திருத்துகிறேன். இந்த முறை வளையம் உறுதியானதும் கட்டுரையை அனுப்புவேன். அதுவரை வில்மாவிடம் சொல்லிவிடாதே.'

வில்மா உடைந்து அழுதாள். பிறகு பதிவேட்டில் அன்றைய எண்பத்தைந்தை அடித்து, '84. பொய் சொல்லி மூடினேன்' என்று எழுதிக் கையெழுத்திட்டாள்.

"பைத்தியமா உனக்கு? வேலை போயிடும்!" என்று பதறினார் வானாய்வக இயக்குநர்.

"போகட்டும் சார். அந்த மனுஷன் எட்டிக்கூடப் பாக்காம என்னை நம்பினாரே!"