சங்கம்மா வூட்டு ஆளுங்க

"வாத்தியாரே, பேரச் சொல்லிக் கூப்புட்டாங்கன்னு எந்திரிச்சுப் போனா, அது தைரியமாங்களா?"

முப்பது வருடங்களுக்கு முன் என்னிடம் இப்படிக் கேட்ட சங்கம்மா நேற்றுக் காலை இறந்துவிட்டார். பென்னாகரத்தில், மகள் வீட்டில். தொண்ணூற்றைந்துக்கு மேல் இருக்கும். சரியான வயது அவருக்கே தெரியாது.

காலையில் களி சாப்பிட்டுவிட்டு, "செத்த நேரம் சாயறேன்" என்று படுத்தாராம். அவ்வளவுதான்... ஆஸ்பத்திரி, டியூப், ஐசியூ எதுவும் இல்லை. மகள் போனில் சொன்னபோது எனக்கு முதலில் வந்தது நிம்மதிதான்.

பள்ளி முடிந்து மாலையில் பெரியவர்களுக்கு எழுத்து வகுப்பு எடுத்தபோது பழக்கம். "அந்தக் காலத்துலயே புளி மண்டியில மொத ஆளா எதுத்து நின்னவங்க" என்று அவரைக் காட்டிச் சொல்வார்கள். மே தினத்துக்கு மேடையேற்றிச் சால்வை போடுவார்கள். அவர் சால்வையை மடித்துக்கொண்டு ஒரு வார்த்தை பேசாமல் இறங்கிவிடுவார். அடக்கம் என்று நினைத்தேன்.

ஒருநாள் கரும்பலகையில் 'சங்கமா', 'சங்கம்மா' என்று இரண்டையும் எழுதினேன். ஒரு புள்ளி எழுத்து குறைந்தால் பொருளே மாறிவிடும் என்று காட்ட, அவர் பெயரே நல்ல உதாரணமாகப் பட்டது. எல்லோரும் சிரித்தார்கள். அவர் மட்டும் சிலேட்டைக் கீழே வைத்துவிட்டார்.

மற்றவர்கள் போனபின்தான் அந்தக் கேள்வி. அப்புறம் கதை...

இரண்டாம் உலக யுத்த காலம். தர்மபுரிப் பக்கம் ஒரு புளி மண்டி. சேரிப் பெண்கள் முப்பது பேர் நாள் முழுக்க உட்கார்ந்து புளி தட்டி, ஓடு நீக்கி, கொட்டை எடுப்பார்கள். புளிப்பு ஏறி விரலெல்லாம் வெடித்திருக்கும்.

தாகம் என்றால் வெளியே போய்க் கை ஏந்தி நிற்க வேண்டும். வேறு சாதி ஆள் ஒருவர் வந்து மேலிருந்து ஊற்றினால்தான் தண்ணீர். அவருக்குத் தோன்றும்போதுதான் வருவார்.

சேலத்திலிருந்து வந்த தொழிற்சங்கக்காரர் ஒருவர் பேசிப் பேசி, பெண்கள் ரகசியமாகச் சங்கம் சேர்ந்தார்கள். கேட்டது ஒன்றுதான். உள்ளே ஒரு பானை... நாங்களே மொண்டு குடிக்க.

சங்கம்மா சேரவில்லை. வேலை போனால் கைப்பிள்ளையோடு என்ன செய்வது என்ற பயம்.

விஷயம் எப்படியோ மேஸ்திரிக்குத் தெரிந்துவிட்டது. மறுநாள் வாசலில் நின்று கத்தினார். "சங்கமா? ஏய், சங்கமா? வெளிய வா பாக்கலாம்!"

முப்பது பேர் புளி தட்டுகிற சத்தம். கடைசி மூலையில் இருந்த இவருக்குக் கேட்டது தன் பெயர். புளி ஒட்டிய கையோடு எழுந்து போய் நின்றார்.

"கூப்புட்டீங்களா சாமி?"

"ஓ... நீதானா அது?"

"நான்தானுங்க."

"உன்னோட சேத்து எத்தினி பேரு?"

"ஆறு பேருங்க."

"யார் யாரு? சொல்லு!"

"எங்க வூட்டுக்காரரு, மாமியா, கொழுந்தனாருங்க ரெண்டு பேரு, கைப்புள்ள ஒண்ணு..."

தட்டுகிற சத்தம் நின்றுவிட்டது. உள்ளே யாரோ களுக்கென்று சிரித்தார்கள். மேஸ்திரிக்குப் பொறுக்கவில்லை. "எங்கிட்டயே நக்கலா? நாளையிலேருந்து உனக்கு இங்க வேல கெடையாது, போ."

அப்போதுதான் இவருக்கு விஷயமே புரிந்தது. 'நான் அதுல இல்லீங்க சாமி' என்று சொல்ல வாய் திறப்பதற்குள், சங்கத்தில் சேர்ந்திருந்த முனியம்மா எழுந்து வந்து பக்கத்தில் நின்றார்.

"ஏழுன்னு வெச்சுக்க மேஸ்திரி. நானும் அவ வூட்டு ஆளுதான்."

பின்னாலேயே இன்னொருத்தி. "எட்டு." அப்புறம் இன்னொருத்தி... கடைசியில் உள்ளே தட்டுவதற்கு ஒருவரும் இல்லை.

களத்தில் புளி கிடக்கிறது. மேற்கே மேகம் கட்டியிருக்கிறது. நனைந்தால் புளி கறுத்துப்போகும். இரண்டு நாள் வீம்பு பிடித்த முதலாளி, மூன்றாம் நாள் உள்ளே பானையை வைத்துவிட்டு எல்லோரையும் கூப்பிட்டனுப்பினார். சங்கம்மாவையும்.

"நான் சங்கத்துலயே இல்ல வாத்தியாரே. இத்தினி வருசமா சால்வ வாங்கறேன். அன்னைக்கி இருந்தவங்கள்ல முனியம்மாக்கா ஒருத்திதான் இப்ப உசுரோட இருக்குது. அதுகிட்ட சொல்லாம செத்தா என் கட்ட வேகாது."

அந்த ஞாயிற்றுக்கிழமையே டவுன் பஸ்ஸில் இண்டூர் கூட்டிப்போனேன். முனியம்மா அங்கே பேரன் வீட்டில் இருந்தார். வழியெல்லாம் இவர் முந்தானையைத் திருகிக்கொண்டே வந்தார்.

எல்லாவற்றையும் கேட்டுவிட்டு முனியம்மா அந்தப் பொக்கை வாயால் சிரித்த சிரிப்பு இருக்கிறதே...

"அடி கூறு கெட்டவளே, மாமியாளையும் சேத்து ஆறு பேருன்னு சொன்னியே, அப்பவே தெரியாதா எங்களுக்கு?"

"தெரியுமா? அப்புறம் ஏங்க்கா எந்திரிச்சு வந்த?"

"நீ சங்கத்து ஆளுன்னா வந்தேன்? ஒண்டியா நின்னுட்டிருந்த. வந்தேன். இதுக்காடி பஸ் ஏறி வந்த? உக்காரு, காப்பி குடி."

திரும்பும்போது சங்கம்மா ஜன்னல் கம்பியில் தலை சாய்த்து, வாய் திறந்து தூங்கிவிட்டார். பென்னாகரம் வந்தபின் நான்தான் எழுப்பினேன்.

அடுத்த மே தினத்தில் முதல் தடவையாக மைக் கேட்டு வாங்கினார். ஆறு பேர் கதையை அவரே சொன்னார். கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. அவர்தான் அதிகம் சிரித்தார்.

நல்லபடியா போங்க சங்கம்மா...

படிக்கிறவர்களுக்கு ஒன்று. உங்களைப் பற்றி ஊர் சொல்லும் நல்ல கதை ஏதாவது இருந்தால், உண்மையில் நடந்தது என்ன என்று, அன்று கூட இருந்த ஒருவரிடம் இந்த வாரம் சொல்லிப் பாருங்கள்.