ஏதென்ஸ் நகரத்து வெறும் பாடை: லண்டனில் ஒரு சனிக்கிழமை

கிரேக்கத்துக்குப் போகாமலே கிரேக்கம் பார்க்க வழி உண்டா என்று இரண்டு வாசகர்கள் கேட்டிருந்தார்கள். விமானச் சீட்டு விற்கிற விலைக்கு நியாயமான கேள்விதான். வழி உண்டு. லண்டனுக்கு வாருங்கள், ஒரு சனிக்கிழமையை ஒதுக்குங்கள். நான் அப்படிப் பார்த்தது 1994 மார்ச் மாதத் தொடக்கத்தில். இவ்வளவு காலம் கழித்து எழுதுகிறேன், ஆனாலும் அந்த நாள் கலையாமல் கிடக்கிறது.

முதலில் என் பைத்தியத்தைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். யாழ்ப்பாணத்தில் உயர்தர வகுப்பில் நான் எடுத்த பாடங்களில் ஒன்று கிரேக்க உரோம நாகரிகம். சுலபமாகப் புள்ளி எடுக்கலாம் என்றுதான் எடுத்தேன். எடுத்த பிறகு அதிலேயே விழுந்துவிட்டேன். பார்த்தினன் கோயிலின் தூண்களை எண்ணிச் சொல்வேன், சிலைகளின் காலத்தை வரிசையாக ஒப்புவிப்பேன். நண்பர்கள் என்னைக் ‘கிரேக்கன்’ என்று கூப்பிட்டார்கள். இத்தனைக்கும் நான் கண்டதெல்லாம் புத்தகத்தில் மை கலங்கிய நாலைந்து படங்கள். லண்டனுக்கு வந்து ஆறு வருஷமாகியும் பெட்ரோல் நிலைய ஷிப்டும் நித்திரையுமாகவே காலம் போனது. பார்த்தினனின் பாதிச் சிற்பங்கள் என் வீட்டிலிருந்து ஒரு மணி நேரத் தூரத்தில் இருந்தன. நான் எட்டியும் பார்க்கவில்லை.

போக வைத்தது அக்காதான். என்னைவிடப் பத்து வயது மூத்தவர், ஊரிலிருந்து வந்து ஆறு மாதமாக என்னோடு ஃபாரஸ்ட் கேட்டில் இருந்தார். முந்தின வருஷம், ஊரில் போர் நடந்துகொண்டிருக்கையில், அவர் கணவர், எங்கள் அத்தான், கிளாலிக் கடலேரியைப் படகில் கடக்கப் போனார். படகு மறுகரைக்கு வரவில்லை. உடலும் இல்லை, செய்தியும் இல்லை. அடுத்த மாதத்தோடு ஒரு வருஷம். அத்தானின் தமையன், நாங்கள் பெரியத்தான் என்று கூப்பிடுகிறவர், வால்தம்ஸ்டோவில் இருந்தார். தருப்பையில் உருவம் செய்து காரியத்தை முடித்துவிடலாம், ஐயரிடமும் கேட்டுவிட்டேன் என்றார். காரியம் நடந்தால் அக்கா தாலியைக் கழற்ற வேண்டும், பொட்டை அழிக்க வேண்டும். அக்கா ஓம் என்றும் சொல்லவில்லை, மாட்டேன் என்றும் சொல்லவில்லை. அந்தச் சனிக்கிழமை பின்னேரம் வந்து பதில் சொல்வதாக மட்டும் சொல்லியிருந்தார். காலையிலேயே வீட்டுக்குள் நடக்கத் தொடங்கிவிட்டார், சமையலறைக்கும் வாசலுக்குமாக. பார்த்துக்கொண்டிருக்க எனக்கு ஏலவில்லை.

“அக்கா, வெளிக்கிடுங்கோ. உங்களுக்கு ஒரு கோயில் காட்டிறன்” என்றேன்.

“ஆர்ச்வேக் கோயிலுக்கோ?”

“இல்லை, இது அதைவிடப் பழசு.”

ஃபாரஸ்ட் கேட்டிலிருந்து லிவர்பூல் ஸ்ட்ரீட்டுக்கு ரயில், அங்கிருந்து சென்ட்ரல் லைனில் ஹோல்போர்ன், பிறகு பத்து நிமிட நடை. நாள் முழுதும் செல்லும் டிக்கெட் ஆளுக்கொன்று எடுத்தோம். அன்று மூன்று இடங்களுக்குப் போகவேண்டியிருந்ததால் அதுதான் மலிவு. அருங்காட்சியகத்துக்குள் போகக் காசில்லை. “சும்மாவோ விடுறாங்கள்?” என்று அக்கா வாசலில் நின்று இரண்டு தரம் கேட்டார்.

பார்த்தினன் சிற்பங்களுக்கென்று ஒரு நீண்ட மண்டபம் இருக்கிறது. சுவர் நெடுகிலும் ஊர்வலம். குதிரை வீரர்கள் ஒருவர் பின் ஒருவராக, ஒருவரின் முழங்காலை அடுத்தவரின் குதிரை மறைக்க, அதை இன்னொரு குதிரை மறைக்க, போய்க்கொண்டே இருக்கிறார்கள். அவ்வளவு ஆழமும் மூன்று விரல் தடிப்புக் கல்லுக்குள் செதுக்கப்பட்டது என்று அருகில் போய்ப் பார்த்தால்தான் நம்புவீர்கள். புத்தகத்துப் படம் எனக்கு இதில் கால்வாசியும் சொல்லவில்லை. ஒரு மூலையில் சந்திரனின் தேரை இரவெல்லாம் இழுத்த குதிரையின் தலை, வாய் பிளந்து, கண் பிதுங்கி, களைத்துப்போய்க் கிடக்கிறது. கல்லுக்கு மூச்சு வாங்குவதை அன்றுதான் கண்டேன்.

அக்காவிடம் சொல்லத் திரும்பினேன். ஆள் இல்லை. வாசலில் குனிந்து சப்பாத்தைக் கழற்றிக்கொண்டிருந்தார். காவலர் ஒருவர் ஓடிவந்து, மரியாதையாகத்தான், போட்டுக்கொள்ளுங்கள் அம்மா என்றார்.

“நீதானே கோயில் எண்டனீ” என்று அக்கா என்னை முறைத்தார்.

“கோயிலின்ர துண்டுகள்தான் அக்கா. பூசை இல்லை.”

“பூசை இல்லாட்டிச் சாமி இல்லையோ? இந்தக் குளிருக்கை அதுகளை இப்பிடி வச்சிருக்கிறாங்கள்.”

சப்பாத்தைப் போட்டுக்கொண்டார், மனமில்லாமல். பிறகு ஊர்வலத்தைப் பார்த்தபடி என் முன்னே நடந்தார். நான் விளக்கம் சொல்ல வாய் திறக்கும்போதெல்லாம் அவருக்கு அது முதலே தெரிந்திருந்தது. “உது திருவிழா. முன்னுக்குப் போறவை உபயகாரர். இந்த மாடு வெருண்டுபோச்சு, மேளச் சத்தமாக்கும்.” தலையை மேலே தூக்கிக் கதறுகிற பசு ஒன்று அங்கே உண்டு. அது பலிக்குப் போகிறது என்று நான் சொல்லவில்லை. துணியை மடித்து ஏந்தி நிற்கும் காட்சிக்கு வந்ததும், “அம்மாளுக்குப் பட்டு” என்றார். அவ்வளவுதான். அதீனா தெய்வத்துக்குப் பெண்கள் நெய்த புதுத்துணி, நாலு வருஷத்துக்கொருமுறை நடக்கும் பெருவிழாவில் அதைக் கப்பல் போன்ற தேரில் பாயாகக் கட்டி நகர் முழுக்க இழுத்துப் போவார்கள். நான் ஒரு தவணை முழுக்கப் படித்ததை அக்கா ஒரு நிமிடத்தில் முடித்துவிட்டார்.

இந்தச் சிற்பங்களை ஒரு பிரிட்டிஷ் தூதர் பெயர்த்துக் கொண்டுவந்த கதையையும், கிரேக்கம் திருப்பிக் கேட்பதையும் சொன்னேன். “நல்ல நியாயம். எங்களைத் திருப்பி அனுப்ப நிக்கினம், கேக்கிற ஆக்களுக்கு இதுகளைக் குடுக்கமாட்டினமாம்” என்றார் அக்கா. பக்கத்தில் நின்ற பள்ளிக்கூடப் பிள்ளைகள் திரும்பிப் பார்க்கும் அளவுக்குச் சிரித்தேன். அக்காவும் சிரித்தார். அந்த ஆறு மாதத்தில் நான் கண்ட முதல் சிரிப்பு.

அதோடு வெளியே வந்திருக்கலாம். கிரேக்கன் விடுவானா? ஜாடிகள் இருக்கும் அறைகளுக்கும் கூட்டிப் போனேன். அங்கே வெள்ளைப் பூச்சுப் பூசிய ஒடுக்கமான எண்ணெய்க் குடுவைகள் உண்டு. தவறவிடாதீர்கள், கூட்டம் இருக்காது. இறந்தவர்களுக்காகச் செய்தவை. ஒன்றில் ஒரு பெண் கூடை நிறைய நாடாக்களோடு கல்லறைக்கு வருகிறாள், கல்லில் கட்டுவதற்கு. நாலே கோடுகள். அதற்குள் அவளுடைய தயக்கம் இருக்கிறது, கழுத்தின் சரிவு இருக்கிறது. இரண்டாயிரத்து நானூறு வருஷத்துக்கு முந்திய கை ஒன்று, ஒரு தடவைகூட அழிக்காமல் வரைந்திருக்கிறது.

நான் வாய்விட்டேன். பாடம் ஒப்புவிக்கிற வேகத்தில் வந்துவிட்டது. போரில் செத்தவர்களின் எலும்புகளை ஏதென்ஸ்காரர்கள் பெட்டிகளில் வைத்து ஊர்வலமாகக் கொண்டுபோவார்கள், கூடவே துணி விரித்த வெறும் பாடை ஒன்றும் போகும், உடல் கிடைக்காதவர்களுக்காக என்றேன். சொல்லி முடித்த பிறகுதான் யாரிடம் சொல்கிறேன் என்பது உறைத்தது.

அக்கா குடுவையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

“வெறும் பாடையை ஆர் தூக்கினது?”

“ஊர்ச்சனம்தான்.”

“பெண்சாதிமார் ஓம் எண்டவையோ?”

நோட்ஸ் முழுவதையும் மனதுக்குள் புரட்டினேன். பெண்கள் கல்லறையடியில் நின்று அழுதார்கள் என்று இருந்தது. “அழுதவை எண்டுதான் கிடக்கு. கேட்டவையோ எண்டு தெரியாது அக்கா.”

“கேட்டிருக்கமாட்டினம்” என்றார் அக்கா. அவ்வளவு பெரிய நாகரிகத்தின் மேல் எனக்கு அன்று வந்த ஒரே மனக்குறை அதுதான்.

பகல் ஒரு மணி. இவ்வளவும் பார்த்துவிட்டு உள்ளே இருக்கும் கடையில் ரொட்டித் துண்டு தின்ன மனமில்லை. ரஸல் ஸ்குவேரிலிருந்து பிக்கடில்லி லைனில் மேனர் ஹவுஸ் போனோம், மாறத் தேவையில்லை. அங்கிருந்து வடக்கே போகிற கிரீன் லேன்ஸ் வீதியில் சைப்பிரஸ் கிரேக்கர்களின் கடைகள். ஒரு சின்னப் பேக்கரிக்குள் நுழைந்தோம். கறுப்புச் சட்டை போட்ட ஐம்பது வயதுப் பெண் ஒருவர் தனியாக நின்றார். பெயர் மரியா என்று பிறகு சொன்னார். கீரையும் பாற்கட்டியும் வைத்துச் சுட்ட பணியாரம் வாங்கினோம். சூடு, மொறுமொறுப்பு, அக்காவுக்கும் பிடித்தது.

காசு மேசையில் ஒரு தட்டம் இருந்தது. அவித்த கோதுமை, மாதுளை முத்து, முந்திரிவற்றல், மேலே சீனித்தூள். அக்கா குனிந்து பார்த்தார். “தம்பி, உதுக்குள்ளை எள்ளுக் கிடக்கு. செத்த ஆக்களுக்கோ எண்டு கேள்.”

கேட்டேன். மரியா அக்காவை வியப்போடு பார்த்தார். ஆம், பெரிய நோன்புக்கு முன்பு வருகிற ஆத்துமாக்களின் சனிக்கிழமை, காலையில் தேவாலயத்துக்குக் கொண்டுபோய்வந்தது என்றார். பழைய ஏதென்ஸிலும் பூ விழாவின் கடைசி நாளில் தானியங்களைக் கலந்து அவித்து இறந்தவர்களுக்கென்று வைத்தார்கள். அருங்காட்சியகத்தில் கண்ணாடிக்குப் பின்னால் பார்த்த உலகம் இங்கே தட்டத்தில் கிடந்தது.

யாருக்காக என்று அக்கா கேட்கச் சொன்னார். அப்பாவுக்கும் அம்மாவுக்கும் என்றார் மரியா. பிறகு அவராகவே சொன்னார். கணவரை எழுபத்துநாலில், சைப்பிரஸில் துருக்கிப் படை இறங்கிய போரின்போது கொண்டுபோனார்கள். இருபது வருஷம் ஆகப்போகிறது. தேவாலயத்தில் குருவானவர் உயிரோடிருப்பவர்களின் பெயர்களைத் தனியாகவும் இறந்தவர்களின் பெயர்களைத் தனியாகவும் சொல்லி மன்றாடுவார். மரியா கணவரின் பெயரை உயிரோடிருப்பவர்களோடுதான் கொடுக்கிறார்.

“வருவார் எண்டு பாத்துக்கொண்டிருக்கிறாவோ?” என்றார் அக்கா. மொழிபெயர்த்தேன்.

மரியா தலையசைத்தார். “இல்லை. செத்துவிட்டார், எனக்குத் தெரியும். ஆனால் அதை நான் சொல்லமாட்டேன். கொண்டுபோனவர்கள் வந்து சொல்லட்டும்.”

அவரை நான் மலைப்போடு பார்த்தேன். கிரேக்க நாடகங்களில் அரசனுக்கு முன்னால் அசையாமல் நிற்கிற பெண்களைப் பற்றிப் படித்திருக்கிறேன். ஒருவர் பேக்கரி நடத்துவார் என்று நினைக்கவில்லை. மரியா ஒரு காகிதக் கிண்ணத்தில் கோதுமை அள்ளி அக்காவிடம் நீட்டினார். சாப்பிடும்போது உங்கள் ஆளின் பெயரைச் சொல்லிக் கடவுளிடம் கேளுங்கள் என்றார். அக்கா வாங்கினார், சாப்பிடவில்லை. ரயிலுக்குள் மடியில் வைத்துக்கொண்டு இருந்தார்.

மேனர் ஹவுஸிலிருந்து ஒரு நிறுத்தம் ஃபின்ஸ்பரி பார்க், அங்கே விக்டோரியா லைனுக்கு மாறினால் கடைசி நிறுத்தம் வால்தம்ஸ்டோ. அங்கே போய்ச் சேர முன்பு உங்களுக்கு வேண்டிய தகவல்களைச் சொல்லி முடிக்கிறேன், பிறகு சொல்ல எனக்கு மனம் வராது. இப்போது ஃபாரஸ்ட் கேட்டிலிருந்து எலிசபெத் லைனில் டொட்டன்ஹாம் கோர்ட் ரோட்டுக்கு மாறாமலே வரலாம். அருங்காட்சியகத்துக்குள் போக இன்றும் காசில்லை, ஆனால் இணையத்தில் நேரம் பதிந்துவிட்டுப் போங்கள், திறக்கிற பத்து மணிக்கே நில்லுங்கள். பார்த்தினன் மண்டபத்துக்கு ஒரு மணி நேரம், குடுவைகளுக்கு இன்னொரு மணி நேரம். இரண்டு மணி நேரத்துக்கு மேல் கல் பார்த்தால் கண் மரத்துப்போகும். நன்றாக நடக்கக்கூடிய சப்பாத்துப் போடுங்கள், கழற்றவேண்டாம். சாப்பாட்டுக்குக் கிரீன் லேன்ஸ். முடிந்தால் என்னைப் போலப் படித்த ஆளோடு போகாதீர்கள், கேள்வி கேட்கத் தெரிந்த ஆளோடு போங்கள்.

பாதி வழியில் அக்கா பேசினார். “அந்த மனிசி கெட்டிக்காரி. எனக்கு அவ்வளவு பலம் இல்லை, தம்பி. இருபது வருசம் என்னால ஏலாது.” கிண்ணத்தைக் கையில் திருப்பிக்கொண்டே, “ஆனா அவவை ஒருத்தரும் கேக்காமல் ஒண்டும் செய்யேல்லை” என்றார். பிறகு கிண்ணத்திலிருந்து ஒரு பிடி எடுத்தார். அத்தானின் பெயரைச் சொன்னார். எங்களில் பெண்கள் அந்தக் காலத்தில் புருஷன் பெயரைச் சொல்வதில்லை, அக்காவின் வாயிலிருந்து நான் கேட்டது அன்றுதான். சொல்லிவிட்டு அழுதுகொண்டே சாப்பிட்டார். எதிரில் இருந்த வெள்ளைக்காரர் செய்தித்தாளை உயர்த்தி முகத்தை மறைத்துக்கொண்டார். நானும் அழுதேன்.

பெரியத்தான் வீட்டில் தேத்தண்ணி வந்தது. அக்கா குடிக்கவில்லை.

“காரியத்தைச் செய்யுங்கோ, பெரியத்தான்” என்றார். “அவருக்கு எள்ளும் தண்ணியும் கிடைக்கட்டும். நான் குறுக்கை நிக்கேல்லை.”

பெரியத்தான் பெருமூச்சு விட்டார். தம்பியை இழந்தவர், பாவம், அவருக்கும் ஒரு வருஷமாக நித்திரை இல்லை. “அப்ப நாளைக்கே ஐயரோட கதைக்கிறன். அண்டைக்கு நீர் செய்யவேண்டியது...” என்று தொடங்கினார்.

“நான் வந்து இருப்பன். இப்ப இருக்கிற மாதிரித்தான் இருப்பன்.”

“பிள்ளை, சனம் என்ன சொல்லும்? காரியமும் செய்து, பொட்டும் வச்சுக்கொண்டு...”

அக்கா எழுந்து குளிரங்கியைப் போட்டார், நெற்றியைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

“காரியம் அவருக்கு, பெரியத்தான்” என்றார். “பொட்டு எனக்கு.”