வெட்டிவேருக்கு அந்தப் பக்கம்

பானைத் தண்ணீரில் போட்ட வெட்டிவேரை மூன்று நாளைக்கு ஒருமுறை எடுத்துக் காயவைக்க வேண்டும். இன்று காலையும் எடுத்தேன். என் கையில் ஈரமாகக் கிடக்கிற இந்தக் கற்றை எங்கள் கொல்லையில் விளைந்தது. வீட்டுக்கு வருகிறவர்கள் ஒரு வாய் குடித்துவிட்டு, அடடா என்ன வாசனை என்கிறார்கள். எனக்குத்தான் அந்தத் தண்ணீர் தொண்டையில் இறங்க மாட்டேன் என்கிறது.

மயிலாடுதுறைக்குப் பக்கத்தில், வாய்க்கால் கரையோரம் எங்கள் வீடு. மழைக்காலத்தில் கொல்லை மண் கரைந்து ஓடுகிறது என்று மாமனார் நடுக்கொல்லையில் நீளவாக்கில் வெட்டிவேர் நட்டிருந்தார். குத்துக் குத்தாக நிற்கும் புல் அது. விதை விழுந்து பரவாது. நட்ட இடத்திலேயே ஆண்டுக்கணக்கில் நிற்கும், வேர் மட்டும் கீழே போய்க்கொண்டே இருக்கும். மாமனார் கண்ணை மூடியதும் வீடும் கொல்லையும் இரண்டாயின. நடுவிலிருந்த புல் வரிசை யாருக்கு என்று என் கணவரும் அவருடைய அண்ணனும் கோர்ட்டுக்குப் போனார்கள். ஒரு முழ அகலம்! அதற்குப் பதினேழு வருஷம். தீர்ப்பு வரும்வரை யாரும் எதையும் தொடக்கூடாது என்று வக்கீல் சொல்லிவிட, வெட்டாத புல் ஆள் உயரம் வளர்ந்து சுவராகிப்போனது. இரண்டு வீட்டுக்கும் பேச்சுவார்த்தை இல்லை. இந்தப் பக்கம் நான். அந்தப் பக்கம் என் ஓரகத்தி, மூத்தாரின் மனைவி.

அக்கா என்றுதான் கூப்பிடுவேன். நர்ஸிங் படித்து, கல்யாணத்துக்கு முன் தஞ்சாவூர் ஆஸ்பத்திரி ஒன்றில் வேலை பார்த்தவர். பிறகு மூத்தார் அனுப்பவில்லை. "நம்ம வூட்டுப் பொம்பள ஊசி போட்டுத்தான் சோறு திங்கணுமா?" என்பார், அதோடு பேச்சு முடிந்தது. பாத்திரம் தேய்க்க வந்ததும் அக்கா வாளியை இரண்டு தட்டுத் தட்டுவார். நானும் ஒரு சட்டியை எடுத்துக்கொண்டு போய் உட்காருவேன். முகம் தெரியாது. குரலை வைத்தே தலைவலியா, வீட்டில் சண்டையா என்று கண்டுபிடித்துவிடுவேன். எனக்குப் பிறந்த வீட்டில் யாரும் மிச்சமில்லை. தெருவிலோ எதிர்வீட்டு நாத்தனாரின் காவல். அந்தக் காலத்தில் நான் மனசுவிட்டுச் சிரித்ததெல்லாம் புல்லைப் பார்த்துத்தான். யாராவது கண்டிருந்தால் பைத்தியம் என்றிருப்பார்கள்.

ஒருநாள் புல்லுக்குள்ளிருந்து ஒரு கை நீண்டது. புல்லின் விளிம்பு கீறி மணிக்கட்டெல்லாம் ரத்தக் கோடுகள். கையில், பிளாஸ்டிக் பையில் சுற்றிய பாஸ்போர்ட்.

"மஸ்கட்ல வேலை கெடச்சிருக்கு பாப்பா. கூடப் படிச்சவ எல்லாம் ஏற்பாடு பண்ணிட்டா. அவரு பெட்டியக் கொடையறாரு, இது கண்ணுல பட்டா அடுப்புல போட்டுடுவாரு. வெள்ளிக்கிழமை வரைக்கும் வச்சிரு."

அரிசிப் பானைக்குள் புதைத்து வைத்தேன். வெள்ளிக்கிழமை மூத்தார் தேங்காய் வாங்கப் பட்டுக்கோட்டை போகிறார். அக்கா வாய்க்கால் கரையேறி முதல் பஸ்ஸைப் பிடித்துவிட்டால் திருச்சியில் விமானம் ஏறிவிடலாம்.

வெள்ளி விடிந்தது. வாளி இரண்டு தட்டு. பாஸ்போர்ட்டை எடுத்துக்கொண்டு கொல்லைக் கதவுக்கு உள்ளே வந்து நின்றேன். மறுபடியும் இரண்டு தட்டு. "பாப்பா... பாப்பா..." புல் வரிசையின் கடைசியில் என் கணவர் முள்கம்பி கட்டியிருந்ததால் அக்காவால் சுற்றி வர முடியாது. தெருப்பக்கம் நாத்தனார் கோலம் போட்டுக்கொண்டிருப்பார். நான் கதவைத் திறந்து பத்தடி நடந்தால் போதும். நடக்கவில்லை. பயம் என்றுதான் இத்தனை காலம் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பொய். இவர் போய்விட்டால் நாளை முதல் நான் யாரோடு பேசுவேன்? அந்த ஒரு நினைப்புதான் காலைப் பிடித்துக்கொண்டது. கரைமேல் பஸ் ஹாரன் அடித்துக்கொண்டே போனது.

சாயங்காலம் பாஸ்போர்ட்டைப் புல்லுக்குள் நீட்டினேன். "எங்க வூட்டுக்காரரு அடுப்படிய விட்டு நகரவே இல்லக்கா. என்னால வர முடியல." கை வந்து வாங்கிக்கொண்டது. பிறகு, "சரி விடு பாப்பா" என்றார். மறுநாள் வாளி வழக்கம்போல் தட்டியது. அந்தப் பேச்சை நாங்கள் இருவரும் மீண்டும் எடுக்கவே இல்லை.

போன தை மாதம் ஒரு கல்யாணப் பந்தியில் அண்ணனும் தம்பியும் பக்கத்துப் பக்கத்து இலையில் உட்கார நேர்ந்தது. ரசம் சரியில்லை என்று திட்டுவதில் ஒன்றுசேர்ந்துவிட்டார்கள். வழக்கு வாபஸ். நாசமாய்ப் போன ரசம், பதினேழு வருஷத்துக்கு முன்னால் வைத்திருக்கக் கூடாதா? ஜேசிபி வந்து ஒரே காலையில் புல்லைப் பெயர்த்துப் போட்டது. தெரு முழுக்க வாசனை. சிதறிய வேரைப் பொறுக்கும்போதுதான் அக்காவை அவ்வளவு பக்கத்தில் பார்த்தேன். தலை முழுக்க நரைத்திருந்தது. என் முந்தானையில் ஒரு கற்றை வேரைப் போட்டுக்கொண்டே சொன்னார்.

"அன்னிக்கு உன் வூட்டுக்காரரு இருட்டோடயே வயலுக்குப் போயிட்டாரு பாப்பா. வண்டிச் சத்தம் கேட்டுச்சு. கதவுக்குப் பின்னால உன் வளையல் சத்தமும் கேட்டுச்சு."

பொறுக்குவதை நிறுத்திவிட்டுக் கேட்டேன். "தெரிஞ்சுமா மறுநா வாளியத் தட்டுனீங்க?"

"வேற யார்கிட்ட பேசச் சொல்ற?" என்றார்.

இப்போது நடுவில் ஒன்றுமில்லை. எங்கள் கொல்லைக் கதவைத் திறந்தால் அவர் துவைக்கிற கல் தெரிகிறது. இன்று காலை ஈர வேரை வெயிலில் பரப்பலாம் என்று கதவருகே வந்தேன். வாளி இரண்டு தட்டுத் தட்டியது. வளையல் குலுங்காமல் மணிக்கட்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, கதவுக்கு உள்ளேயே நின்றேன்.