குசினியில் பாதி வரை சொந்த வீடு

நான் செய்த மொழிபெயர்ப்புகளில் எனக்கு மிகவும் பிடித்த வசனம் எங்கள் வீட்டுக் கடன் ஒப்பந்தத்தில் இருக்கிறது. ஐந்தாம் ஆண்டு நிறைவுற்ற பின்னர் வட்டி வீதமானது காலத்துக்கேற்ப மாறுதலுக்குட்படும் என்பது அந்த வசனம். தொழிலால் நான் சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளர்; வங்கியொன்று தன் கடன் படிவத்தைத் தமிழாக்கத் தந்திருந்தது. ஆங்கிலத்தில் கல்லும் முள்ளுமாகக் கிடந்த அந்த வரியை மூன்று தரம் மாற்றி எழுதினேன். 'காலத்துக்கேற்ப' என்ற சொல் வந்து உட்கார்ந்ததும் எழும்பிப் போய் ஒரு தேத்தண்ணி குடித்தேன். அடுத்த வருடம் அதே வங்கியில், அதே படிவத்தில், நானே கடன்காரனாகக் கையொப்பமிட்டேன். பேனையை வைப்பதற்கு முன்னர் அந்த வரியை ஒருமுறை ரசித்தும் பார்த்தேன். அது என்னைப் பற்றித்தான் பேசுகிறது என்று மட்டும் தோன்றவில்லை.

ஒப்பந்தத்தோடு இருநூற்று நாற்பது வரிகள் கொண்ட ஓர் அட்டவணையும் தந்தார்கள். இருபது வருடம், மாதத்துக்கு ஒரு வரி. நல்ல தடித்த தாள். அதை நான்காக மடித்து வாசித்துக்கொண்டிருந்த நாவலுக்குள் வைத்தேன். அந்த நாவல் முடிந்ததும் அடுத்ததற்கு மாறியது. எட்டு வருடத்தில் அந்த அட்டவணை என்னோடு எத்தனையோ நாடுகளுக்குப் போய் வந்தது. அது வாசித்த அளவுக்கு நான் அதை வாசிக்கவில்லை.

காணி மனைவியுடையது, அன்புவழிபுரத்தில், சீதனமாக வந்தது. அதன் உறுதிப் பத்திரத்தை வங்கியில் ஈடு வைத்து நாற்பது லட்சம் எடுத்தோம். மாதத் தவணை நாற்பத்து நாலாயிரம். ஆயிரத்து இருநூறு சதுர அடியில் வீடு எழும்பியது. மேலே கொங்கிரீட் போட்டு, வெளிப்பக்கமாகப் படியும் வைத்து, நாலு மூலையிலும் கம்பிகளை வானத்தைப் பார்த்தபடி விட்டோம். பிறகு ஒரு நாளைக்கு அந்தக் கம்பிகளின் மேல் தூண் எழுப்பி ஓர் அறை கட்டுவதாக ஏற்பாடு. துருப்பிடிக்காமலிருக்க ஒவ்வொரு கம்பியின் தலையிலும் வெறும் சோடாப் போத்தல் ஒன்றைக் கவிழ்த்து வைத்தேன். கச்சான் காற்று அடிக்கும் மாதங்களில் அந்தப் போத்தல்கள் மெல்ல ஊதும்.

உண்மையைச் சொன்னால் இந்த எட்டு வருடமும் நான் குடியிருந்தது இல்லாத அந்த அறையில்தான். பின்னேரங்களில் படியேறிப் போய், கம்பிகளுக்கு நடுவே ஒரு பிளாஸ்டிக் கதிரையைப் போட்டு உட்கார்ந்தால், தெற்கே இரண்டு தென்னைகளுக்கு இடையில் உட்துறைமுகம் தெரியும். இரண்டு விரல் அகலம்தான். அந்த இரண்டு விரலுக்குள் சில நாட்களில் ஒரு கப்பல் வந்து நிற்கும். போகிறதா, நிற்கிறதா, யாருக்காகக் காத்திருக்கிறது என்று ஒன்றும் தெரியாது. வெயில் சரியச் சரியத் தண்ணீர் முதலில் பித்தளையாகும், பிறகு சாம்பலாகும், பிறகு தென்னை எது, கடல் எது என்று பிரிக்க ஏலாமற்போகும். அந்நேரத்தில் என்னைச் சுற்றிச் சுவர்கள் எழும்பும். ஜன்னல் தெற்கே. இடது கைப்பக்கம் புத்தக அலுமாரி. மேசையில் வேலை இல்லாத வெறும் தாள். சுவருக்கு என்ன நிறம் என்பதில் மட்டும் இரண்டு வருடமாக எனக்கும் எனக்கும் கருத்து வேறுபாடு இருந்தது.

இந்த வருடம் வெருகலில் அப்பாவின் வயலை விற்றதில் என் பங்குக்குப் பன்னிரண்டு லட்சம் வந்தது. அறைக்கு மேசன் முன்பு சொல்லியிருந்த தொகையும் ஏறத்தாழ அதுதான். வயல் எனக்காகவே விலை போயிருக்கிறது என்று நினைத்தேன். ஒரு ஞாயிறு காலை, அப்பம் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது மேசனை வரச் சொல்லப் போவதாக அறிவித்தேன்.

"கடன் எவ்வளவு மிச்சம்?" என்று கேட்டாள் மனைவி.

"எட்டு வருசம் கட்டிட்டம். பாதிக்குக் கிட்ட வந்திருக்கும்."

"பாதியோ?"

"பாதிக்குக் கொஞ்சம் குறைய."

"அந்த அட்டவணையைத் தாங்கோ பாப்பம்."

"அது இப்ப இருநூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில இருக்கு. எடுத்தா எனக்கு இடம் விளங்காது."

அவள் கையை நீட்டியபடியே இருந்தாள். கொடுத்தேன்.

அவள் நில அளவைக் கந்தோரில் வரைபடம் கீறுகிறவள். எதையும் வாயால் விளக்க மாட்டாள், கோடு போட்டுத்தான் காட்டுவாள். அட்டவணையையும் வங்கியின் கடைசிக் கடிதத்தையும் வைத்துக்கொண்டு ஒரு மணித்தியாலம் மேசையில் இருந்தாள். பிறகு அளவு நாடாவையும் ஒரு வெண்கட்டியையும் எடுத்துக்கொண்டு குசினிக்குள் போனாள். நான் போய்ப் பார்த்தபோது முழங்காலில் நின்று, தரைக்குக் குறுக்கே, சுவரிலிருந்து சுவர் வரை ஒரு நேர்கோடு இழுத்துக்கொண்டிருந்தாள்.

"என்ன இது?"

"எல்லை."

"யாற்ற எல்லை?"

"எங்கட. பாத்ரூம் முழுக்க எங்கட. குசினியில இந்தக் கோடு வரைக்கும் எங்கட. அங்கால எல்லாம் வங்கியின்ர."

கேஸ் அடுப்பு எங்கள் பக்கம் நின்றது. பிரிட்ஜ் வங்கியின் காணியில் நின்றது.

விளக்கம் மிக எளிமையானது. நூற்றுப் பதினைந்து சதுர அடி அளவுக்கு எளிமையானது. எட்டு வருடத்தில் அடைத்த கடனுக்கு வீட்டில் வரும் பங்கு அவ்வளவுதான். முதல் மாதம் நான் கட்டிய நாற்பத்து நாலாயிரத்தில் நாற்பதாயிரம் வட்டிக்குப் போய்விட்டது. எடுத்த கடனில் கழிந்தது வெறும் நாலாயிரம். ஐந்து வருடம் இப்படித்தான், கொஞ்சம் கொஞ்சமாகத் திருந்தியபடி. பிறகு என் பிரிய வசனம் வேலைக்கு வந்தது. நாட்டில் எல்லாம் ஏறிய காலத்தில் வட்டியும் ஏறியது. எங்கள் ஒப்பந்தத்தில் ஓர் உச்ச வரம்பு இருந்ததால் நூற்றுக்கு இரண்டு வீத ஏற்றத்தோடு தப்பினோம். வங்கி எழுதிய கடிதத்தில் இரண்டு வழி இருந்தது: தவணையைக் கூட்டுவது, அல்லது தவணையை அப்படியே விட்டு வருடங்களைக் கூட்டுவது. அந்தக் கடிதத்தை மனைவிக்கு நான்தான் சத்தமாகத் தமிழில் வாசித்துக் காட்டினேன். 'தவணையில் மாற்றமில்லை' என்ற இடத்தில் குரலை உயர்த்தினேன். வருடங்கள் கூடும் என்ற அடுத்த பந்திக்குக் குரல் இல்லை. அன்று சந்தோசத்தில் நண்டு வாங்கி வந்தேன்.

"அந்த நண்டு என்ன விலை தெரியுமோ?" என்று கேட்டாள், கோட்டுக்கு அந்தப் பக்கம் நின்று.

"ஆயிரத்து... மறந்திட்டன்."

"பத்தரை வருசம்."

மொத்தக் கதை இதுதான். இதுவரை நாற்பத்திரண்டு லட்சத்துக்கு மேல் கட்டியிருக்கிறோம். எடுத்ததே நாற்பது லட்சம். இன்னும் முப்பத்தாறு லட்சம் மிச்சம். முப்பத்தெட்டு வயதில் கடன் எடுத்த நான் ஐம்பத்தெட்டில் முடித்திருக்க வேண்டியது. நண்டு சாப்பிட்டதால் அறுபத்தொன்பதில் முடிப்பேன்.

எனக்குக் கோபம் வந்தது. யார் மேல் என்று தெரியாததால் கதிரையின் மேல் காட்டினேன். விறாந்தையில் கிடந்த என் வாசிப்புக் கதிரையை, அது அந்நிய மண்ணில் நிற்கிறது என்ற காரணத்தால், இழுத்துக்கொண்டு வந்து குசினியில் எங்கள் பக்கம் போட்டு உட்கார்ந்தேன்.

"எட்டு வருசத்தில முதல் தரமா குசினிக்குள்ள வந்து இருக்கிறியள்," என்றாள். "கடனாலயும் ஒரு நன்மை இருக்கு. அந்த வெங்காயத்தை உரியுங்கோ."

மறுநாள் மேசன் குறிஞ்சாக்கேணியிலிருந்து மோட்டார் சைக்கிளில் வந்தார். இந்த வீட்டின் அத்திவாரத்திலிருந்து அவர் கைதான். நாங்கள் அவரை நானா, அதாவது அண்ணன், என்போம். தண்ணீர் குடிக்க வந்தவர் குசினி வாசலில் நின்றுவிட்டார்.

"என்ன சேர் இது, குசினிய உடைக்கப் போறீங்களா?"

மனைவி விளக்கினாள். அவர் கோட்டைத் தாண்டாமல் நின்றே கேட்டார். கடைசியில், "அப்ப எல்லாமாச் சேத்து எவ்வளவு கட்டி முடிப்பீங்க?" என்றார்.

"ஒரு கோடியே அறுபத்திரண்டு லட்சம்."

"நாப்பது லச்சத்துக்கு?"

"ஓம்."

அவர் விரலை மடித்துக் கணக்குப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார், நான் எதையோ ஒளித்து வைத்திருப்பதுபோல.

"நான் ஒரு வீடுதானே சேர் கட்டினன். மத்த மூணும் எங்க?"

அறைக்கு அவர் சொன்ன தொகை பன்னிரண்டு லட்சம்தான். ஒரு சதம் கூட ஏற்றவில்லை. அவர் போனபின் மனைவி இன்னொரு தாளில் இரண்டு கோடு போட்டாள், ஒன்று நீளமாக, ஒன்று கட்டையாக. நீளமானது, அறையைக் கட்டினால் நாங்கள் தவணை கட்டப் போகும் காலம்: இன்னும் இருபத்திரண்டு வருடமும் சில மாதங்களும். கட்டையானது, அதே பன்னிரண்டு லட்சத்தைக் கடனில் கழித்தால் வரும் காலம்: ஏழு வருடமும் நாலு மாதமும். இரண்டுக்கும் நடுவில் இருந்த வெறுமைக்குள் ஒரு தொகையை எழுதினாள். எண்பத்தொரு லட்சம்.

"இதுதான் உங்கட அறையின்ர விலை."

தாளை என் பக்கம் தள்ளினாள். பிறகு சொன்னாள்.

"உங்கட அப்பாட வயல். உங்கட காசு. நீங்களே முடிவெடுங்கோ. எனக்கு அந்த உறுதி கையில வரோணும், அவ்வளவுதான். அதோட இருக்கிற வரைபடம் நான் கீறினது."

எனக்குத் தெரியாது. பதினைந்து வருடம் ஒன்றாக இருந்தும் தெரியாது. கந்தோரில் பழகுநராகச் சேர்ந்த மாதத்தில் அவளுக்குக் கீறக் கொடுத்த முதல் காணி அவளுடைய சொந்தக் காணியாம். கையொப்பம் நில அளவையாளருடையது. ஆனால் கோடுகளும், கிணற்றுக்குப் போட்ட சின்ன வட்டமும், வேலியோர வேம்பும் அவளுடையவை. மையால் கையில் கீறிய காலம். இப்போது எல்லாம் கணினி.

"வட்டம் கொஞ்சம் கோணல்," என்றாள். "எனக்கு அறுபத்தேழு வயசில அது கைக்கு வந்தா, கோணல் எண்டு கண்டுபிடிக்கக் கண் இருக்குமோ தெரியாது."

அன்று பின்னேரம் மேலே போனேன். கப்பல் ஒன்றும் இல்லை. இரண்டு விரல் தண்ணீர் மட்டும், மூச்சு விடுவதுபோல ஒளி கூடிக் குறைந்தபடி. அறை வழக்கம்போல என்னைச் சுற்றி எழும்பியது. அலுமாரி இருந்தது, மேசை இருந்தது. சுவரின் நிறம் கூட அன்றைக்கென்று பார்த்து முடிவாகியிருந்தது: மிக மெல்லிய பச்சை, தவிட்டுப் புறாவின் முட்டையில் படியும் இலை நிழல் போல. எண்பத்தொரு லட்சத்துக்கு அது தகும் என்றே பட்டது. அவ்வளவு அழகான அறை. பிறகு இருட்டுவதற்கு முன்னர் ஒவ்வொரு சுவராகக் கழற்றினேன். அலுமாரியைக் கடைசியாக எடுத்தேன். கதிரையோடு கீழே இறங்கி வந்து, "நாளைக்கு அரை நாள் லீவு போடுங்கோ," என்று அவளிடம் சொன்னேன்.

வங்கி வாசலில் ஒரு மான் நின்று யாரோ எறிந்த மட்டைப் பெட்டியைச் சப்பிக்கொண்டிருந்தது. தெருவில் மாடு போலத் திரியும் எங்கள் பட்டணத்து மான்களுக்குப் பசி வேறு, ரசனை வேறு. உள்ளே முன்கூட்டிக் கட்டுவதற்கென்று ஒரு சிறிய கட்டணம் கேட்டார்கள். கடனைக் குறைப்பதற்கும் காசு கேட்கிறார்களே என்று நான் முணுமுணுத்தபோது, ஒப்பந்தத்தில் அந்த வாசகமும் என்னுடையதுதான் என்று மனைவி நினைவூட்டினாள். அதுவும் நல்ல வசனம்தான்.

பின்னேரம் அவள் ஈரத் துணியால் பழைய கோட்டைத் துடைத்துவிட்டுப் புதிதாக அளந்தாள். குசினி முழுவதும் எங்களுக்கு வந்தது. பிரிட்ஜ் வந்தது. இரண்டு படுக்கையறைகளும் வந்தன. கோடு நடுவறைக்குள் ஆறடி தள்ளிப்போய் நின்றது. என் வாசிப்புக் கதிரையைக் கொண்டுவந்து அதன் மேல் சரியாகப் போட்டேன். பின்கால் இரண்டும் எங்கள் பக்கம், முன்கால் இரண்டும் வங்கியின் பக்கம். உட்கார்ந்து சாய்ந்தால் முதுகு சொந்த மண்ணில் இருந்தது. அப்படி ஒரு நித்திரை அந்த வீட்டில் எனக்கு அதுவரை வந்ததில்லை.

அடுத்த மாதம் புதிய அட்டவணையை வாங்க நான் தனியாகப் போனேன். எண்பத்தெட்டு வரிகள். வங்கிக் கதிரையிலேயே இருந்து எல்லாவற்றையும் வாசித்தேன். கடைசி வரியில் மிச்சம் என்ற இடத்தில் பூச்சியம் இருந்தது. அதை இரண்டு தரம் வாசித்தேன். கடன் பகுதியில் இருந்த அந்த இளம் பெண் அதிகாரி நான் முடிக்கும்வரை பொறுமையாக இருந்தார். மனம் இளகியிருந்ததால் அவருக்கு வெண்கட்டிக் கோட்டின் கதையை முழுக்கச் சொன்னேன்: முதலில் பாத்ரூமும் அரைக் குசினியும், இப்போது நடுவறையில் ஆறடி வரை, அடுத்த வருடம் ஜன்னலைத் தொட்டுவிடுவோம் என்பது வரை. அவர் சிரிக்காமல், மிகவும் மரியாதையாகக் கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு கோப்பை மூடினார்.

"சேர், இது அடிக் கணக்கில்ல. கடைசிச் சதம் கட்டி முடியும் வரைக்கும் முழு வீடும்தான் ஈட்டில இருக்கும். பாத்ரூமும் சேர்த்துத்தான்."